ரோம் தேதியிலிருந்து இரண்டு ஆண்டு

மலேசிய இந்துத் தம்பதியர் இருவரும் மனமொத்துப் பிரிவதற்கு இந்தியாவின் 1955ஆம் ஆண்டு இந்துத் திருமணச் சட்டம் இங்கே செல்லாது. இந்து, கிறிஸ்தவர், பௌத்தர் என்று பாராமல், முஸ்லிம் அல்லாதவர்களுக்கு இந்நாட்டில் பொதுவாக உள்ளது 1976ஆம் ஆண்டின் திருமண, மணவிலக்குச் சீர்திருத்தச் சட்டம். 1982 மார்ச் 1 அன்று அது நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன் வழக்கப்படி நடந்த திருமணங்களையும் பதிவானவையாகவே ஏற்றுக்கொண்டது; மனைவி இருக்கும்போதே இன்னொருத்தியை மணக்கும் வழக்கத்துக்கும் அதுவே முற்றுப்புள்ளி வைத்தது.

இரண்டு சட்டங்களையும் ஒன்றென நினைப்பதால் காத்திருப்புக் காலம் பற்றிய குழப்பம் பெரிதாகிறது. பலரும் சொல்லும் ஆறு மாதம் இந்தியச் சட்டத்துக்கு உரியது. அங்கே ஓராண்டு பிரிந்து வாழ்ந்த பிறகு மனு. மனுவுக்குப் பின் ஆறு மாத இடைவெளி. அந்த ஆறு மாதத்தைத் தகுந்த வழக்குகளில் நீதிமன்றம் தள்ளுபடி செய்யலாம் என்று 2017 செப்டம்பரில் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மலேசியாவில் கூட்டு மனு போடுவதற்குப் பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையே இல்லை. இங்கேயும் ஓர் ஆறு மாதம் உண்டு, ஆனால் அது வேறு. கணவனோ மனைவியோ தனியாக மனுச் செய்ய விரும்பினால், பெரும்பாலும் முதலில் சமரசக் குழுவிடம் போக வேண்டும். குழு தன் முயற்சியை முடிக்க வேண்டிய கெடுவே அந்த ஆறு மாதம். 52ஆவது பிரிவின்படி இருவரும் சேர்ந்து கூட்டு மனு போட்டால் சமரசக் குழுப் படியே கிடையாது.

கூட்டு மனுவுக்கு வேண்டியது, திருமணமாகி இரண்டு ஆண்டு நிறைந்திருப்பது. எந்தத் திருமண நாளிலிருந்து என்பதே இங்குள்ள தமிழ்க் குடும்பங்களைத் தடுமாற வைக்கும் கேள்வி. கிள்ளான் பள்ளத்தாக்கில் பலர் முதலில் தேசியப் பதிவுத் துறையில் ‘ரோம்’ (ROM) எனப்படும் திருமணப் பதிவை முடித்துவிட்டு, பல மாதம் கழித்தே தாலி கட்டுகிறார்கள். 2024 ஜனவரியில் ரோம், ஆகஸ்டில் பிரிக்ஃபீல்ட்ஸ் ஸ்காட் சாலைக் கந்தசுவாமி கோவிலில் தாலி என்றால், இரண்டாண்டு நிறைவது 2026 ஜனவரியில். கோவிலிலேயே உதவிப் பதிவாளர் முன் பதிவும் நடந்திருந்தால் இரண்டு நாளும் ஒன்றாகிவிடும்.

இதன் மறுபக்கம் வேதனையானது. ரோம் முடிந்து, தாலிக்கு நாள் குறித்த பின் சம்பந்தம் முறிந்துபோனால், குடும்பத்தார் அதை நிச்சயதார்த்தம் முறிந்ததாகவே பேசுகிறார்கள். சட்டத்தின் கண்ணில் அவர்கள் கணவன் மனைவி. ஒரு நாள்கூடச் சேர்ந்து வாழாத பெண்ணும் மணவிலக்குக்கு அதே இரண்டாண்டை எதிர்நோக்க வேண்டும். தாம்பத்தியமே நடக்கவில்லை, காரணம் இயலாமை அல்லது மற்றவரின் வேண்டுமென்ற மறுப்பு என்றால், 70ஆவது பிரிவில் திருமணத்தை ரத்துசெய்யக் கோரும் வழி உண்டு. அதற்கு இரண்டாண்டுத் தடை இல்லை.

விவாகரத்தைத் தனியாகக் கேட்பவர், விதிவிலக்கான சூழ்நிலையோ கடுந்துன்பமோ இருந்தால், இரண்டாண்டுக்கு முன்பே மனுச் செய்ய நீதிபதியிடம் அனுமதி கோரலாம். அடி உதைக்கு உள்ளானவர் அதுவரை ஒரே வீட்டில் பொறுத்துக்கொண்டிருக்கத் தேவையில்லை. 1994ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டத்தின் கீழ் பாதுகாப்பு ஆணை பெறுவதற்கும் இந்தக் கணக்குக்கும் சம்பந்தமில்லை.

மனு உயர் நீதிமன்றத்துக்குப் போகும்: கோலாலம்பூரில் ஜாலான் டூத்தா, சிலாங்கூருக்கு ஷா ஆலாம். மிரட்டலின்றி இருவரும் சம்மதித்தார்களா, மனைவிக்கு ஏற்பாடு உண்டா, பிள்ளைகள் யாரிடம் வளர்வார்கள், செலவு யார் பொறுப்பு என்பவற்றில் நீதிபதிக்குத் திருப்தி வர வேண்டும். ‘ஒன்றும் வேண்டாம், விட்டால் போதும்’ என்று கையெழுத்துப் போடும் பெண்களுக்கு இந்தக் கேள்விகள் பெரிய காப்பு.

நீதிபதி ஒப்பினால் கிடைப்பது ‘டிக்ரி நைசை’ எனும் இடைத் தீர்ப்பு. நீதிமன்றம் காலத்தைக் குறைத்தால் ஒழிய, அது மூன்று மாதம் கழித்தே முழுமையாகும். அந்த மூன்று மாதமும் திருமணம் சட்டப்படி நீடிக்கிறது. இடையில் மறுமணம் செய்தால் அத்திருமணம் செல்லாது. தண்டனைச் சட்டம் 494ஆவது பிரிவில் குற்றமும் ஆகும். ஜாதகம் பார்த்து நாள் குறிக்கும் முன், தீர்ப்பு முழுமையானதற்கான நீதிமன்றச் சான்றிதழ் கைக்கு வந்திருக்க வேண்டும்.