ஒரு காட்சிக்காக அழைக்கப்பட்டவர்: ஏ.கே.ஹங்கலின் 225 படங்களும் குணச்சித்திர நடிகர்களின் நிலையும்

'ஷோலே' திரைப்படத்தில் கப்பர் சிங்கால் கொல்லப்பட்ட இளைஞனின் உடல் ஊருக்குள் வந்து சேரும்போது கூட்டம் வாயடைத்து நிற்கும். கண்பார்வையற்ற முதியவர் ஒருவர் தட்டுத்தடுமாறி வந்து, ஏன் இத்தனை அமைதி என்று கேட்பார். இறந்தவன் தம் மகன் என்று அவருக்கு அப்போது தெரியாது. மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும் அப்படத்தில் ரஹீம் சாச்சாவாக ஏ.கே.ஹங்கல் தோன்றுவது சில நிமிடங்கள்தாம். ஆயினும் கதையின் திருப்பம் அந்தச் சில நிமிடங்களில் இருக்கிறது. ஜெய், வீரு இருவரையும் ஊரை விட்டு அனுப்பிவிட வேண்டும் என்று முணுமுணுத்த மக்களை, ஊருக்காகப் பலியிட இன்னும் சில பிள்ளைகள் இல்லையே என வருந்தும் அந்த முதியவரே வாயடைக்கச் செய்கிறார்.

அதே 1975ஆம் ஆண்டில் வெளியான 'தீவார்' படத்திலும் இதே பணிதான். ரொட்டி திருடி ஓடிய சிறுவனைக் காவல் அதிகாரியான சசி கபூர் சுட்டுவிடுகிறார். குற்ற உணர்வுடன் உணவுப் பொட்டலத்தோடு வீட்டுக்கு வரும் அவரிடம், சிறிய திருட்டும் திருட்டே என்கிறார் ஓய்வுபெற்ற ஆசிரியரான சிறுவனின் தந்தை. அந்தச் சொல்லுக்குப் பிறகே, கடத்தல்காரனான அண்ணன் மீது நடவடிக்கை எடுக்கத் தம்பி துணிகிறான். இரு படங்களுக்கும் கதை எழுதியவர்கள் சலீம்-ஜாவேத் இணையர். நாயகனால் சொல்ல முடியாத அறத்தைச் சொல்ல அவர்களுக்கு ஒரு முகம் தேவைப்பட்டது. குணச்சித்திர நடிகர் என்று தமிழில் நாம் அழைப்பது இத்தகையவரைத்தான்.

ஹங்கல் திரைக்கு வந்தபோது அவருக்கு ஏறக்குறைய 50 வயது. சியால்கோட்டில் பிறந்து பெஷாவரில் வளர்ந்தவர். தையல் தொழில் செய்தவர். விடுதலைப் போராட்டத்தில் ஈடுபட்டவர். பிரிவினைக்குப் பின் கராச்சியில் சிறையில் இருந்து, 1949இல் மும்பை வந்து சேர்ந்தார். அங்கு இந்திய மக்கள் நாடக மன்றமான 'இப்டா'வில் பல்ராஜ் சாஹ்னி, கைஃபி ஆஸ்மி ஆகியோருடன் பணியாற்றினார். 1966இல் வெளியான 'தீஸ்ரி கசம்' படத்தின் மூலம் தொடங்கிய திரைப்பயணம் சுமார் 225 படங்கள் வரை நீண்டது.

பெரும்பாலும் தந்தை, ஆசிரியர், நேர்மையான எழுத்தர் போன்ற வேடங்களே அமைந்தன. 'நமக் ஹராம்' (1973) படத்தில் தொழிற்சங்கத் தலைவராக வந்தபோது, இடதுசாரி இயக்கத்தில் வாழ்ந்த அவருக்கு அது அன்னியமாக இருந்திருக்காது. இந்த நல்லவர் பிம்பத்தை உடைத்தது பாசு சாட்டர்ஜியின் 'ஷௌகீன்' (1982). அசோக் குமார், உத்பல் தத் ஆகியோருடன் இளம்பெண்ணைச் சுற்றிவரும் சபல முதியவராக அவர் அதில் நடித்தார். அவரது நகைச்சுவை உணர்வை இந்தித் திரையுலகம் இன்னும் அதிகமாகப் பயன்படுத்தியிருக்கலாம்.

1993இல் மும்பையில் நடந்த பாகிஸ்தான் தின நிகழ்ச்சியில் கலந்துகொண்டதற்காக சிவசேனா அவரைப் புறக்கணிக்குமாறு அழைப்பு விடுத்தது. நாயகன் ஒருவரைப் படத்திலிருந்து நீக்குவது தயாரிப்பாளருக்குப் பெருநட்டம். துணை நடிகரின் காட்சியை வெட்டுவதோ எளிது. சுமார் இரண்டு ஆண்டுகள் அவருக்கு வாய்ப்புகள் வறண்டன. பின்னர் மீண்டு வந்து 'லகான்' (2001), 'பஹேலி' (2005) ஆகிய படங்களில் நடித்தார். 2006இல் அவருக்கு பத்ம பூஷண் விருது வழங்கப்பட்டது.

ஆனால் 2011இல் மருத்துவச் செலவுக்கே பணமின்றி அவர் தவிப்பது செய்தியானது. திரைத்துறையினர் பலர் உதவ முன்வந்தனர். 225 படங்களில் நடித்தவருக்கு இந்த நிலை ஏன் என்ற கேள்விக்கு விடை ஊதிய முறையில் இருக்கிறது. துணை நடிகர்களுக்குப் பொதுவாக நாள் கணக்கிலோ, படத்துக்கு ஒரு தொகை என்றோ சம்பளம் பேசப்படுகிறது. படம் மறுவெளியீடு கண்டாலும், தொலைக்காட்சியில் நூறு முறை ஒளிபரப்பானாலும், வருவாய் உரிமையாளருக்கே செல்கிறது. ஓய்வூதியம் என்பது இத்தொழிலில் இல்லை.

2012 ஜூன் மாதம் நடைமுறைக்கு வந்த பதிப்புரிமைச் சட்டத் திருத்தம், நிகழ்த்துக் கலைஞர்களின் பங்களிப்பு வணிக நோக்கில் பயன்படுத்தப்படும்போது ராயல்டி பெறும் உரிமையை அங்கீகரித்தது. எனினும், படத்தின் பெயர்ப் பட்டியலில் இடம்பெறாமல் போகிற போக்கில் தோன்றிச் செல்வோர் அதன் வரையறைக்குள் வரமாட்டார்கள். சட்டத்தில் உள்ள உரிமையைக் கேட்டுப் பெறும் பேரம் பேசும் வலிமையும் சிறு வேட நடிகர்களிடம் குறைவு.

அதே ஆண்டு 'மதுபாலா' தொலைக்காட்சித் தொடரில் சக்கர நாற்காலியில் அமர்ந்தபடி ஹங்கல் சிறு வேடத்தில் தோன்றினார். அதுவே அவரது கடைசி நடிப்பு. ஆகஸ்ட் 26ஆம் தேதி மும்பையில் அவர் காலமானார்.