போதைக் காளானும் மூளையும்

மழை பெய்து இரண்டொரு நாள் கழிந்ததும் நம் கொங்கு நாட்டு மேய்ச்சல் நிலங்களிலும் கறையான் புற்றுகளின் ஓரத்திலும் காளான்கள் தலைகாட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். புற்றுக்காளான் குழம்பின் சுவையறிந்தவர்களும் உங்களில் இருக்கக்கூடும். பழனிக்குத் தெற்கே உயர்ந்து நிற்கும் கொடைக்கானல் மலையிலோ வேறொரு வகைக் காளானும் முளைக்கிறது. உண்டவரின் அறிவை மயக்கும் இதனைச் செய்தித்தாள்கள் 'போதைக் காளான்' என்று எழுதுகின்றன. விற்றவர்கள் கைதான செய்தியும் அவ்வப்போது வெளிவருகிறது. அப்படி இதில் என்னதான் இருக்கிறது?

இதிலுள்ள சிலோசைபின் என்னும் வேதிப்பொருளைச் சுவிட்சர்லாந்து நாட்டு வேதியியலறிஞர் ஆல்பர்ட் ஹாஃப்மன் 1958-இல் பிரித்தறிந்தார். மெக்சிகோ நாட்டுப் பழங்குடியினர் சடங்குகளில் உண்டுவந்த காளானே அவருக்கு மூலப்பொருள். உடலுக்குள் சென்றதும் சிலோசைபின் தன் பாஸ்பேட் தொகுதியை இழந்து சிலோசின் ஆகிறது. மூளையில் வேலை செய்வது இந்தச் சிலோசின்தான்.

நரம்பணுக்களுக்கிடையே உள்ள நுண்ணிய இடைவெளியைக் கடந்து செய்தி சொல்லும் தூதுவர்களுள் ஒன்று செரட்டோனின். மறுகரையில் அதனை ஏற்கும் புரதங்கள் 'ஏற்பிகள்' எனப்படும். செரட்டோனின் சாவி என்றால் ஏற்பி பூட்டு. சிலோசின் மூலக்கூறு ஏறத்தாழ செரட்டோனினின் சாயலில் இருப்பதால், கள்ளச் சாவியைப் போல் அதே பூட்டைத் திறந்துவிடுகிறது. குறிப்பாகப் பெருமூளைப் புறணியில் மிகுதியாக உள்ள '2ஏ' வகை ஏற்பியை அது தூண்டுகிறது. அதனால் நிறங்கள் அலைபாயும், காலம் நீளும், 'நான்' என்னும் உணர்வே கரையும். சிலரைப் பேரச்சம் பற்றிக்கொள்ளும். இது வெறும் ஊகமன்று. இந்த ஏற்பியை வேறொரு மருந்தால் முன்கூட்டியே அடைத்துவிட்டால் மயக்கக் காட்சிகள் தோன்றுவதில்லை என்பதைச் சூரிக் நகர ஆய்வாளர்கள் 1998-இல் காட்டினர்.

மண்டையோட்டைத் திறக்காமல் மூளையின் வேலையை எப்படிப் பார்ப்பது? இங்கே இயற்பியல் கைகொடுக்கிறது. (இயற்பியல் ஆசிரியனாகிய நான் இவ்விடத்தில் சற்று நின்று பேசினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.) ஆக்சிஜன் ஏறிய ஹீமோகுளோபினைக் காந்தப்புலம் மெல்ல விலக்கும், அது டயா காந்தப் பொருள். ஆக்சிஜனை இழந்த ஹீமோகுளோபினோ பாரா காந்தப் பொருள், ஈர்க்கப்படும். பாலிங்கும் கொரியலும் 1936-இல் கண்ட உண்மை இது. மூளையின் ஒரு பகுதி உழைக்கும்போது அங்கே ஆக்சிஜன் நிறைந்த புது இரத்தம் பாய்கிறது. காந்தத் தன்மை மாறுகிறது. காந்த அதிர்வுக் கருவியின் குறிப்பலையும் மாறுகிறது. 1990-இல் செய்ஜி ஒகாவா இதை மூளையைப் படம் பிடிக்கும் முறையாக வளர்த்தார். இன்று பரவலாகப் பயன்படும் 3 டெஸ்லா கருவியின் புலம், கோயம்புத்தூரில் உள்ள புவிக்காந்தப் புலத்தைப் போல் ஏறத்தாழ 70,000 மடங்கு!

சிலோசைபின் செலுத்தினால் மூளை கொதித்தெழும் என்றுதான் யாரும் நினைப்பார்கள். 2012-இல் லண்டன் இம்பீரியல் கல்லூரி ஆய்வாளர்கள் கண்டதோ நேர்மாறானது. பல பகுதிகளை இணைக்கும் நடுநாயகமான இடங்களில் இரத்த ஓட்டம் குறைந்திருந்தது. நாம் சும்மா உட்கார்ந்து நம்மைப் பற்றியே நினைக்கும்போது சேர்ந்து இயங்கும் மூளைப் பகுதிகள் சில உண்டு. அவற்றின் தாளம் சிலோசைபினால் குலைவதை 2024-இல் வெளிவந்த அமெரிக்க ஆய்வொன்றும் உறுதிசெய்தது.

மருத்துவர்களுக்கு இதில் என்ன அக்கறை? கடும் மனச்சோர்வு நோயில் எண்ணம் செக்குமாடுபோல் ஒரே தடத்தில் சுற்றுகிறது. அந்தத் தடத்தை இது தளர்த்துமோ என்பது அவர்கள் நம்பிக்கை. வழக்கமான மருந்துகளுக்குக் கட்டுப்படாத 233 நோயாளிகளிடம் நடந்த சோதனை 2022-இல் வெளியாயிற்று. 25 மில்லிகிராம் ஒரே முறை பெற்றவர்களில் 37 விழுக்காட்டினருக்கு மூன்று வாரத்தில் நோயின் கடுமை பாதியோ அதற்கு மேலோ குறைந்தது. 1 மில்லிகிராம் பெற்றவர்களில் 18 விழுக்காட்டினருக்கே. ஆனால் அந்த நலம் பன்னிரண்டு வாரம் வரை நீடித்தவர்கள் 20 விழுக்காட்டினர் மட்டுமே. தலைவலி, குமட்டல் தவிர, தற்கொலை எண்ணங்களும் சிலரிடம் பதிவாயின.

இவையெல்லாம் அளந்த மருந்து, அருகில் பயிற்சி பெற்ற மருத்துவர் என்ற ஏற்பாட்டில் நடந்தவை. குடும்பத்தில் மனச்சிதைவு நோய் இருப்பவர்களைப் பெரும்பாலும் இச்சோதனைகளில் சேர்ப்பதே இல்லை. அவர்களிடம் இது நோயைக் கிளப்பிவிடலாம். மலையில் பறித்துத் தின்பவருக்கு அளவும் தெரியாது, காவலும் கிடையாது. அதோடு, பறித்தது எந்தக் காளான்? அமாடாக்சின் நஞ்சுள்ள காளான்களைச் சமைத்தாலும் நஞ்சு அழியாது. உண்டு ஆறு மணி நேரத்துக்கும் மேல் ஒன்றும் தெரியாது. பிறகு வாந்தி, பேதி. அதுவும் தணிந்து, பிழைத்தோம் என்று நினைக்கும் வேளையில் கல்லீரல் அழிந்துகொண்டிருக்கும். சிலோசைபின் 1985-ஆம் ஆண்டுப் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் பட்டியலிலும் உள்ளது.

ஆய்வாளர்களைத் திணறவைக்கும் சிக்கல் ஒன்று பாக்கி. எந்த மருந்துச் சோதனையிலும் தமக்குக் கிடைத்தது மருந்தா, வெறும் மாத்திரையா என்பதை நோயாளி அறியக்கூடாது. ஆனால் சுவர் அலைபோல் ஆடுவதைப் பார்த்தவருக்கு அது தெரியாமல் இருக்குமா? குணம் மருந்தால் வந்ததா, எதிர்பார்ப்பால் வந்ததா என்று பிரித்தறிய, இதற்கென்றே புதிய சோதனை முறைகளை வகுத்துக்கொண்டிருக்கிறார்கள்.