உதிர்ந்த மாங்காயில் இனிப்புத் தொக்கு

சித்திரை, வைகாசியில் ஒரு சூறைக்காற்று அடித்தால் போதும். மறுநாள் காலை மாந்தோப்பில் கால் வைக்க இடமிருக்காது. முற்றாத காய் என்பதால் பழுக்க வைத்தாலும் சுருங்கிப்போகும். வியாபாரி கேட்ட விலைக்குத் தள்ளிவிடுவதுதான் வழக்கம். ஆனால், பழத்துக்கு உதவாத அந்தப் புளிப்புக் காய்தான் இனிப்புத் தொக்குக்கு ஏற்றது. பக்குவமாகச் செய்தால் மாதக்கணக்கில் கெடாது.

எந்தக் காயை எடுக்கலாம்?

உதிர்ந்த அன்றே பொறுக்குங்கள். அடிபட்ட இடத்தைத் தாராளமாக வெட்டி நீக்கிவிட்டு மீதியைப் பயன்படுத்தலாம். அழுகலோ, புழுவோ, பழ ஈ துளையோ இருந்தால் வேண்டாம். குழி தோண்டிப் புதைத்துவிடுங்கள். தோப்பில் மருந்து அடித்திருந்தால், லேபிளில் குறிப்பிட்டுள்ள காத்திருப்புக் காலம் முடியும் முன் அந்தக் காயைச் சமையலுக்கு எடுக்கக் கூடாது. கழுவினால் போய்விடும் என்று எண்ணாதீர்கள். கெட்டியான சதையுள்ள பெங்களூரா (கிளிமூக்கு) ரகம் தொக்குக்கு நன்றாக இருக்கும்.

தேவையானவை

தோல் சீவித் துருவிய மாங்காய் 1 கிலோ, சர்க்கரை 1 கிலோ, உப்பு 45 கிராம், மிளகாய்த் தூள் 10 கிராம், நசுக்கிய இஞ்சி, பூண்டு தலா 15 கிராம், மிளகு, சீரகம், பட்டைத் தூள் தலா 10 கிராம், ஏலக்காய்த் தூள் 5 கிராம், கிராம்பு 5, வினிகர் 100 மில்லி.

செய்முறை

காய் புளிப்பானது, அலுமினியம், செம்புப் பாத்திரம் வேண்டாம். அடி கனமான எவர்சில்வர் பாத்திரத்தை எடுத்து, வெறும் பாத்திரத்தின் எடையைக் குறித்துக்கொள்ளுங்கள். துருவலில் உப்பும் சிறிது தண்ணீரும் சேர்த்து மெதுவாக வேகவிடுங்கள். துருவல் மிருதுவானதும் சர்க்கரையைச் சேர்த்து, அடிபிடிக்காமல் கிளறுங்கள். சர்க்கரை கரைந்ததும் இஞ்சி, பூண்டு, மசாலாத் தூள்களைச் சேருங்கள். கெட்டியாகும்போது வினிகர் ஊற்றி மேலும் 5 நிமிடம் கொதிக்கவிடுங்கள்.

எப்போது இறக்குவது?

இங்கேதான் பலர் தவறுகிறார்கள். நானும் தவறியிருக்கிறேன். முதல் முறை செய்தபோது, பார்க்கக் கெட்டியாக இருக்கிறதே என்று அவசரப்பட்டு இறக்கினேன். பத்தே நாளில் பாட்டிலில் நுரை கட்டிவிட்டது. கண்ணை நம்பாமல் தராசை நம்புங்கள். பாத்திர எடையைக் கழித்து, தொக்கு 1.75 கிலோவுக்கு வரும்வரை வற்ற வேண்டும். அப்போது கரைந்துள்ள திடப்பொருள் ஏறத்தாழ 65 சதவீதம் இருக்கும். அந்த அளவில் சர்க்கரை தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்வதால், பூஞ்சணமும் நொதிக்கும் ஈஸ்டும் எளிதில் வளர முடியாது. இனிப்பு அதிகம் என்று சர்க்கரையைக் குறைத்தால் இந்தக் காப்பு போய்விடும். அப்படிச் செய்ததைக் குளிர்பெட்டியில் வைத்து விரைவில் தீர்த்துவிடுங்கள். பாதி சர்க்கரைக்குப் பதில் வெல்லம் சேர்க்கலாம். பாகை வடிகட்டிச் சேருங்கள், நிறம் சற்றுக் கறுக்கும்.

பாட்டிலில் அடைத்தல்

கண்ணாடி பாட்டில்களைத் தண்ணீரில் கொதிக்கவைத்து, ஈரமின்றி உலர்த்துங்கள். தொக்கைச் சூடாகவே நிரப்பி மூடி, வெயில் படாத இடத்தில் வையுங்கள். ஈரக் கரண்டி கூடாது. பூஞ்சணமோ, நுரையோ, சாராய வாடையோ தெரிந்தால் மேலாக வழித்துவிட்டுச் சாப்பிடாதீர்கள், முழுவதையும் கொட்டிவிடுங்கள்.

விற்கும் முன்

இந்தப் பருவத்தில் ஒரு கிலோ துருவலில் மட்டும் செய்து பாருங்கள். பாட்டிலில் தேதி எழுதி, இரண்டு மாதம் வைத்துக் கவனியுங்கள். விற்பனைக்கு உணவுப் பாதுகாப்புத் துறையின் பதிவும், முறையான லேபிளும் அவசியம். சர்க்கரை, விறகு, பாட்டில், வீட்டுப் பெண்களின் உழைப்பு எல்லாவற்றையும் கணக்கில் சேர்த்து விலை வையுங்கள். காய் சும்மா கிடைத்தது என்பதற்காக உழைப்பையும் சும்மா கொடுத்துவிடாதீர்கள். விரிவாக்கப் பணியாளர்கள் மகளிர் குழுக்களுக்குச் செய்து காட்டும்போது, தராசை மறக்காமல் எடுத்துச் செல்லுங்கள்.