தீர்ப்புக்குப் பின் தொடங்கும் வழக்கு

இந்தியாவில் சிவில் வழக்கில் டிக்ரி, அதாவது தீர்ப்பாணை, கிடைத்தவுடன் பணமோ நிலமோ கைக்கு வந்துவிடுவதில்லை. தோற்றவர் தாமாக முன்வந்து கொடுக்காவிட்டால், வென்றவர் மறுபடியும் நீதிமன்றப் படியேறி நிறைவேற்று மனு தாக்கல் செய்ய வேண்டும். நீதிமன்ற வளாகத்தில் அதற்கு ‘ஈ.பி.’ என்று பெயர். 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 21ஆவது ஆணை இதற்கென்றே எழுதப்பட்டது. நூற்றுக்கும் மேற்பட்ட விதிகள் கொண்டது.

பண டிக்ரியானால் சொத்தை ஜப்தி செய்து ஏலம் விடலாம். சம்பளத்தில் ஒரு பகுதியைப் பிடிக்கலாம். ஏலத்துக்கு முன் விளம்பரம், மதிப்பீடு, அறிவிப்பு என ஒவ்வொரு படியும் உண்டு. ஒரு படியில் குறை கண்டுபிடித்தாலும் ஏலத்தையே ரத்து செய்யக் கோரி மனு வரும்.

வீடு, நிலத்தைச் சுவாதீனம் எடுப்பது இதைவிடக் கடினம். நீதிமன்ற ஊழியரான அமீனா வாரண்டோடு போவார். கதவு பூட்டியிருந்தால் திரும்பி வந்து அறிக்கை தருவார். பூட்டை உடைக்க ஒரு மனு, போலீஸ் பாதுகாப்புக்கு இன்னொரு மனு, ஒவ்வொன்றுக்கும் வாய்தா என நாள் நகரும். இதற்குள் மூன்றாமவர் ஒருவர் வந்து, “நான் இங்கே குத்தகைதாரர், என்னை யாரும் வழக்கில் சேர்க்கவில்லை” என்று தடுப்பார். பல நேரங்களில் அவர் தோற்றவரின் உறவினராகவே இருப்பார். அப்படித் தடுப்பவரின் உரிமையைத் தனி வழக்குக்கு அனுப்பாமல் நிறைவேற்று நீதிமன்றமே முடிவு செய்ய வேண்டும் என்பது 1976ஆம் ஆண்டுத் திருத்தம். நல்ல நோக்கத்தில் வந்த விதிதான். ஆனால் சாட்சி, குறுக்கு விசாரணை, மேல்முறையீடு எல்லாம் அதற்கும் உண்டு என்பதால், முடிந்த வழக்கு அங்கே இரண்டாம் முறை பிறக்கிறது.

இது புதிய நோயல்ல. இந்தியாவில் வழக்காடுபவரின் கஷ்டம் டிக்ரி பெற்ற பிறகே தொடங்குகிறது என்று அன்றைய இறுதி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் 1872ஆம் ஆண்டிலேயே கூறியது. தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் போன ஒரு நில வழக்கில் கிரய ஒப்பந்தம் 1980இல் எழுதப்பட்டது. உச்ச நீதிமன்றம் வரை போய் டிக்ரி உறுதியான பிறகும், தடுத்தவர்களின் மனுக்களால் சுவாதீனம் கிடைக்கவில்லை. நிலத்தை ஒப்படைக்கச் சொல்லி உச்ச நீதிமன்றம் 2025 மார்ச் 6 அன்று உத்தரவிட வேண்டியதாயிற்று. ஒப்பந்தம் எழுதியபோது பிறந்த குழந்தை அன்று நாற்பதைக் கடந்திருக்கும்.

அதே தீர்ப்பில், நிலுவையிலுள்ள நிறைவேற்று மனுக்களை 6 மாதத்தில் முடிக்க வைக்குமாறு எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் கூறப்பட்டது. அக்டோபரில் கணக்கு வந்தது: 3.38 லட்சத்துக்கும் மேற்பட்ட மனுக்கள் முடிந்தன, ஆனாலும் 8.82 லட்சம் எஞ்சின. மகாராஷ்டிரத்தில் மட்டும் 3.4 லட்சத்தைத் தாண்டியது. தமிழ்நாட்டில் சுமார் 86,000. எண்ணிக்கை கவலை தருவது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. வென்றும் காத்திருக்கும் குடும்பங்களுக்கு அந்தக் கவலை மிகப் பழையது.

2021ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் வழிமுறை வகுத்திருந்தது. மனு தாக்கலான 6 மாதத்தில் முடிக்க வேண்டும். தாமதமானால் காரணத்தை எழுத வேண்டும். சொத்தில் வேறு யாருக்கு உரிமை என்பதை வழக்கின் தொடக்கத்திலேயே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். இந்தக் கடைசி யோசனைதான் மிக முக்கியம். மூன்றாமவர் முளைக்கும் வாசலை அது முன்கூட்டியே அடைக்கிறது.

பண டிக்ரியில் கடனாளியின் சொத்து விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகக் கேட்கும் அதிகாரமும் நீதிமன்றத்துக்கு உண்டு. தர மறுத்தால் 3 மாதம் வரை சிவில் சிறை.