உருவம் ஒன்று, உறவு வேறு
(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. விலங்கியல்)

எங்கள் வீட்டு வாசலில் ஒரு செம்பருத்திச் செடி உண்டு. காலை வேளையில் சின்னஞ்சிறு குருவி ஒன்று வந்து, வளைந்த அலகைப் பூவின் அடியில் செருகித் தேன் குடிக்கும். "இதுதான் ஹம்மிங் பறவை. உலகிலேயே மிகச் சிறிய பறவை இந்தக் குடும்பத்தில்தான் இருக்கிறது. அந்தரத்தில் நின்றபடியே தேன் குடிக்கும்" என்று சென்ற ஆண்டு அம்மாவிடம் பெருமையாகச் சொன்னேன். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். பள்ளிக்கூடமே போகாத அம்மா என் படிப்பை மறுத்துப் பேசியதில்லை. அன்று மட்டும், "இது கொம்புல உக்காந்துதானேடா குடிக்குது?" என்றார். நான் சிரித்துவிட்டு, களக்குறிப்பேட்டில் ஹம்மிங் பறவை என்றே எழுதினேன். பேராசிரியர் சிவப்பு மையால் அதை அடித்துவிட்டார்.

என் தவறு யாது? உருவ அளவைக் கொண்டு இனத்தை முடிவு செய்ததே!

ஓசனிச்சிட்டு எனப்படும் ஹம்மிங் பறவைகள் அமெரிக்கக் கண்டங்களில் மட்டுமே இயற்கையாக வாழ்பவை. அவற்றில் 350-க்கும் மேற்பட்ட இனங்கள் உள்ளன. கியூபாவின் தேனீ ஓசனிச்சிட்டு 5 முதல் 6 செ.மீ. நீளமே உடையது, எடை ஏறத்தாழ 2 கிராம். ஆண்டிஸ் மலைப்பகுதியின் பெரிய ஓசனிச்சிட்டோ 20 செ.மீ.க்கும் மேல், எடை சுமார் 20 கிராம். ஒரே குடும்பத்திற்குள் எடையில் பத்து மடங்கு வேற்றுமை!

நம் ஊர்ப் பறவை தேன்சிட்டு. ஊதாப்பிட்டத் தேன்சிட்டின் நீளம் ஏறத்தாழ 10 செ.மீ.; எடை சுமார் 8 கிராம். அதாவது, மேற்சொன்ன இரண்டிற்கும் இடைப்பட்ட அளவு. அளவை மட்டும் பார்த்தால் அதையும் அக்குடும்பத்தில் சேர்த்துவிடத் தோன்றுமன்றோ? நீளத்தை ஒப்பிடுவதிலும் எச்சரிக்கை தேவை. அலகு நுனி முதல் வால் நுனி வரை அளப்பதே வழக்கம். லோட்டன் தேன்சிட்டு 13 செ.மீ. அளவுக்கு நீள்வதில் அதன் நீண்டு வளைந்த அலகுக்கும் பங்குண்டு.

அப்படியானால் எதைக் கொண்டு பிரிப்பது? காலையும் சிறகையும் கவனிக்க வேண்டும். தேன்சிட்டின் காலில் மூன்று விரல்கள் முன்னும் ஒன்று பின்னுமாக அமைந்து கிளையை இறுகப் பற்றும். காகமும் சிட்டுக்குருவியும் அடங்கிய பாசரிஃபார்மிஸ் வரிசையைச் சேர்ந்தது அது. சில நொடிகள் அந்தரத்தில் நின்றாலும், பெரும்பாலும் அமர்ந்தே தேன் குடிக்கும். ஓசனிச்சிட்டின் கால்கள் வலுவற்றவை, நடக்க உதவா. தோள்மூட்டில் சிறகைச் சுழற்றி, முன்வீச்சு, பின்வீச்சு இரண்டிலும் உடலைத் தாங்கி நிற்கும், பின்னோக்கியும் பறக்கும். அதன் நெருங்கிய உறவு உழவாரக் குருவிகளே. இரண்டும் தேனை நாடியதால் தோற்றத்தில் ஒத்துப்போயின. இதனையே குவி பரிணாமம் என்கிறோம்.

வகைப்பாட்டியலின் தந்தை லின்னேயஸே 1766-இல் நம் தேன்சிட்டை மரமேறிக் குருவிகளின் பேரினமான செர்த்தியாவில் வைத்தார். பின்வந்தோர் அதைத் திருத்தினர். ஆகவே தவறுவது இழுக்கன்று. கண்ணெதிரே இருப்பதைப் பாராமல் விடுவதே இழுக்கு.

புத்தகம் படித்த நான் அளவைப் பார்த்தேன். படிக்காத என் தாய் பறவையைப் பார்த்தார். குறிப்பேட்டைத் திருத்திய அன்று மாலை, "நீங்க சொன்னதுதாம்மா சரி" என்று அவரிடம் சொன்னேன். இப்போது செம்பருத்திக்கு என்ன பறவை வந்தாலும் எனக்குச் சொல்பவர் அவரே. நண்பர்களே, உங்கள் வீட்டிலும் இப்படி ஓர் ஆசிரியர் இருக்கக்கூடும். கேட்டுப் பாருங்கள்!