ஒன்றும் நடக்காத நாளின் படம்

கொழும்பின் தொடர்மாடிக் குடியிருப்புப் பகுதியான மாளிகாவத்தையை வெளியுலகம் பெரும்பாலும் இரண்டு சந்தர்ப்பங்களில்தான் திரையில் காண்கிறது: கெத்தாராமையில் 1986இல் திறக்கப்பட்ட பிரேமதாச விளையாட்டரங்கில் ஆட்டம் நடக்கையில் ஒன்று, ஏதேனும் துயரம் நிகழ்ந்து செய்திக் கமராக்கள் ஒழுங்கைகளுக்குள் நுழைகையில் மற்றொன்று. 2020 மே 21ஆம் திகதி, நோன்பு மாதத்தின் கடைசி நாட்களில், தனவந்தர் ஒருவர் பகிர்ந்த பணத்தைப் பெறத் திரண்ட கூட்டத்தில் நெரிசல் ஏற்பட்டு மூன்று பெண்கள் உயிரிழந்தார்கள். கொவிட் முடக்கத்தில் நாட்கூலி நின்றுபோன வீடுகள் அதற்கு முந்திய வாரங்களை எப்படிக் கடத்தின என்பது ஒருநாள் செய்திக்குள் அடங்கக்கூடியதன்று. அத்தகைய வாரங்களுக்கு உரிய படமுறையே அவதானிப்பு விவரணப்படம். அதாவது வர்ணனைக் குரலோ, நேர்காணலோ, சேர்க்கப்பட்ட பின்னணி இசையோ இன்றி, மனிதர் வாழ்வதை அருகிருந்து பார்த்துப் பதியும் முறை.

இம்முறைக்கு முந்திய 'சோங் ஒஃப் சிலோன்' படத்தில் (1934) பசில் ரைட் இலங்கை மக்களின் உழைப்பை மிகுந்த அழகுடன் காட்டினாலும், அப்படத்தை நடத்திச் செல்வது 17ஆம் நூற்றாண்டுக் கைதியான ரொபர்ட் நொக்ஸின் எழுத்தை வாசிக்கும் லயனல் வென்ட்டின் குரலேயாகும். 1960ஐ ஒட்டித் தோளில் சுமக்கும் கமராவும் அதனோடு இசைந்து ஒலிபதியும் கருவியும் கைக்கு வந்த பின்னரே, சாதாரண மனிதர் தம் வீட்டில் தம் பேச்சைப் பேசுவதை அப்படியே பதிவது எளிதாயிற்று. பிரடெரிக் வைஸ்மன் சிக்காகோ நகரின் அரசாங்கத் தொடர்மாடிக் குடியிருப்பொன்றில் எடுத்த 'பப்ளிக் ஹவுசிங்' (1997) மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடுகிறது. வீடற்ற இளம்பெண்ணொருத்திக்கு தங்க இடம் கேட்டுக் குடியிருப்பாளர் சங்கத் தலைவி தொலைபேசியில் போராடுவதை அது அவசரமின்றிக் கேட்கிறது. அந்த ஒரு தொலைபேசி உரையாடலிலேயே ஒரு நகரின் வீட்டுவசதி நிர்வாகம் முழுவதும் விளங்கிவிடுகிறது.

ஆயினும் அருகிருந்து பார்ப்பதாலேயே ஒருவர் பார்க்கும் உரிமையைப் பெற்றுவிடுவதில்லை. குடிசைகள் இடிக்கப்படுவதைப் பற்றி ஆனந்த் பட்வர்தன் எடுத்த 'பம்பாய் எங்கள் நகரம்' (1985) என்ற படத்தில், ஏழைகளைப் படம்பிடித்துப் பெயர் சம்பாதிக்க வந்தீர்களா என்று ஒரு பெண் அவரையே நோக்கிச் சினக்கிறாள். அவர் அக்காட்சியை நீக்காமல் வைத்தார். அப்படத்தின் நேர்மைக்கு அதைவிடப் பெரிய சான்று வேண்டியதில்லை.

தமிழும் சிங்களமும் ஒரே வாக்கியத்துக்குள் மாறிமாறி வரும் மாளிகாவத்தைப் பேச்சை எந்த வர்ணனைக் குரலும் தட்டையாக்கிவிடும். ஆகவே அங்கு படமெடுக்கச் செல்லும் இளைஞர்கள் முதல் மாதம் கமராவை வெளியே எடுக்காமல் பழகட்டும். எடுத்து முடித்த படத்தை எந்த விழாவுக்கும் அனுப்புமுன் தொடர்மாடி முற்றத்திலேயே திரையிட்டு, நீக்கச் சொல்லும் உரிமையை அங்குள்ளவர்களுக்குக் கொடுக்கட்டும்.