வீட்டுக் கடனின் உண்மை விலை

‘வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார்’ என்பது நம் முன்னோரின் பழமொழி. இவ்விரண்டும் எவ்வளவு சிரமமான காரியங்கள் என்பதை அனுபவத்தால் உணர்ந்தவர்கள் சொன்ன சொல் இது. இன்று நம்மில் பெரும்பாலோர் வீட்டைக் கட்டுவதில்லை. கட்டிய வீட்டை வாங்குகிறோம். கையில் இருக்கும் பணத்தைக் கொண்டு அல்ல, வங்கியில் கடன் பெற்று வாங்குகிறோம். அதனால் சிரமம் குறைந்துவிட்டதா? இல்லை. அது முப்பது, முப்பத்தைந்து ஆண்டுகளுக்குப் பரவிக் கிடக்கிறது. பரவிக் கிடப்பதால்தான் பலருடைய கண்ணுக்கு அது தெரிவதில்லை.

சாலையோர விளம்பரப் பலகைகளில் புதிய வீடுகளின் படத்துக்குக் கீழே மாதத் தவணையைப் பெரிய எழுத்தில் அச்சிட்டிருப்பார்கள். ‘மாதம் இவ்வளவுதானா?’ என்ற எண்ணம் நமக்குத் தோன்றும். ஆனால், கடன் முடியும்வரை மொத்தம் எவ்வளவு கட்டப் போகிறோம் என்பதை அந்தப் பலகை சொல்வதில்லை. அந்தத் தொகையைக் கணக்கிடக் கற்றுக்கொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஓர் எடுத்துக்காட்டு

முப்பது வயதான ஒருவர் ரிம 350,000 விலையுள்ள வரிசை வீடு ஒன்றை வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். தம் சேமிப்பிலிருந்து ரிம 50,000 முன்பணம் கட்டுகிறார். மீதி ரிம 300,000-ஐ வங்கியில் கடனாகப் பெறுகிறார். வட்டி ஆண்டுக்கு 4 விழுக்காடு. கடனைத் திருப்பிச் செலுத்தும் காலம் 35 ஆண்டுகள்.

‘மூன்று லட்சத்துக்கு 4 விழுக்காடு என்றால் ரிம 12,000தானே வட்டி?’ என்று சிலர் நினைக்கலாம். அது ஓர் ஆண்டுக்குரிய வட்டி மட்டுமே. கடன் தீரும்வரை ஒவ்வோர் ஆண்டும் மீதமுள்ள தொகைக்கு வட்டி உண்டு. இந்தக் கடனுக்கு மாதத் தவணை ஏறக்குறைய ரிம 1,328. அதனை 420 மாதங்கள் கட்டினால் மொத்தம் சுமார் ரிம 557,900 ஆகிறது. வாங்கிய கடனோ ரிம 300,000. ஆகவே, வட்டி மட்டும் சுமார் ரிம 257,900. முன்பணத்தையும் சேர்த்தால், ரிம 350,000 விலையுள்ள வீட்டுக்கு அவர் செலவிடுவது ரிம 600,000-க்கும் அதிகம்.

தவணைப் பணம் எங்கே போகிறது?

ஒவ்வொரு மாதமும் நாம் கட்டும் தவணை இரண்டாகப் பிரிகிறது. ஒரு பகுதி வட்டிக்குப் போகிறது; மற்றொரு பகுதி முதலைக் குறைக்கிறது. வட்டி எப்போதும் மீதமுள்ள முதலைக் கொண்டே கணக்கிடப்படுகிறது.

முதல் மாதத்தில் மீதமுள்ள முதல் ரிம 300,000. அதற்கு 4 விழுக்காட்டைக் கணக்கிட்டு 12-ஆல் வகுத்தால், ஒரு மாத வட்டி ரிம 1,000. கட்டிய ரிம 1,328-இல் ஆயிரம் வட்டிக்குப் போய்விட, ரிம 328 மட்டுமே கடனைக் குறைக்கிறது. இரண்டாம் மாதத்தில் வட்டி ரிம 999 ஆகிறது. ஒரு மாதம் முழுவதும் உழைத்துத் தவணை கட்டியதன் பயனாக வட்டி குறைந்தது ஏறத்தாழ ஒரு ரிங்கிட்தான்!

மாதங்கள் செல்லச் செல்ல முதலுக்குப் போகும் பங்கு மெல்ல வளர்கிறது. ஆனால், அது வட்டியின் பங்கை முந்துவது பதினெட்டாம் ஆண்டில்தான். வாங்கிய கடனில் சரிபாதியை அடைத்து முடிக்க 23 ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது.

இதனை அறியாதவர்கள் வீட்டை இடையில் விற்க நேரும்போது திகைத்துப் போகிறார்கள். நம் எடுத்துக்காட்டில் உள்ளவர் பத்து ஆண்டுகளுக்குப் பின் வேலை மாற்றத்தினால் வீட்டை விற்கிறார் என்போம். அதுவரை அவர் கட்டியிருப்பது சுமார் ரிம 159,400. ‘பாதிக் கடனை அடைத்துவிட்டோம்’ என்று அவர் நினைத்திருக்கக்கூடும். ஆனால், வங்கிக் கணக்கில் மீதமுள்ள கடன் ஏறத்தாழ ரிம 251,700. பத்து ஆண்டுகளில் குறைந்த முதல் ரிம 48,300 மட்டுமே, மற்றதெல்லாம் வட்டி.

காலம் நீண்டால் கடன் இனிக்குமா?

திருப்பிச் செலுத்தும் காலம் நீள நீள மாதத் தவணை குறைகிறது. அதனால் நீண்ட காலக் கடன் எளிதானது போல் தோன்றுகிறது. அதே ரிம 300,000 கடன், அதே 4 விழுக்காடு வட்டி. காலத்தை மட்டும் மாற்றினால் என்ன ஆகும் என்பதைக் கீழ்க்காணும் அட்டவணை காட்டுகிறது.

| காலம் | மாதத் தவணை | மொத்த வட்டி (ஏறக்குறைய) |
|---|---|---|
| 20 ஆண்டுகள் | ரிம 1,818 | ரிம 136,300 |
| 25 ஆண்டுகள் | ரிம 1,584 | ரிம 175,100 |
| 30 ஆண்டுகள் | ரிம 1,432 | ரிம 215,600 |
| 35 ஆண்டுகள் | ரிம 1,328 | ரிம 257,900 |

25 ஆண்டுகளையும் 35 ஆண்டுகளையும் ஒப்பிடுங்கள். மாதத் தவணையில் உள்ள வேறுபாடு சுமார் ரிம 255. மொத்த வட்டியில் உள்ள வேறுபாடோ ஏறத்தாழ ரிம 82,800! ஒரு பிள்ளையின் உயர்கல்விக்கு உதவக்கூடிய தொகை அது.

நம் நாட்டின் மத்திய வங்கியான பேங்க் நெகாரா மலேசியா, 2013-ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் வீட்டுக் கடனின் உச்சக் காலத்தை 35 ஆண்டுகளாக வரையறுத்தது. அந்த வரம்புக்குள்ளும் நாம் எண்ணிப் பார்க்க வேண்டியது ஒன்று உண்டு. முப்பது வயதில் 35 ஆண்டுக் கடன் பெறுபவருக்குக் கடன் தீரும்போது வயது 65. மலேசியாவில் குறைந்தபட்ச ஓய்வு வயது 60. சம்பளம் நின்ற பிறகும் ஐந்து ஆண்டுகள் தவணை தொடரும். அந்தத் தவணையை யார் கட்டுவது? ஓய்வுக்காலச் சேமிப்பா, பிள்ளைகளா? இக்கேள்விக்கு விடை தேட வேண்டிய நேரம் கடன் ஒப்பந்தத்தில் கையொப்பமிடும் முன்புதான்.

மாறும் வட்டி

மலேசியாவில் பல வீட்டுக் கடன்களின் வட்டி நிலையானதல்ல. ஓ.பி.ஆர். என்று சுருக்கமாக அழைக்கப்படும் கொள்கை வட்டி விகிதத்தைப் பேங்க் நெகாரா உயர்த்தினால், இக்கடன்களின் வட்டியும் உயரும், குறைத்தால் குறையும். கோவிட்-19 காலத்தில், 2020-ஆம் ஆண்டு ஜூலையில், அது 1.75 விழுக்காட்டுக்குக் குறைக்கப்பட்டது. 2022-ஆம் ஆண்டு மே மாதம் தொடங்கிப் படிப்படியாக உயர்த்தப்பட்டு, 2023-ஆம் ஆண்டு மே மாதத்தில் 3 விழுக்காட்டை எட்டியது. பின்னர் 2025-ஆம் ஆண்டு ஜூலையில் 2.75 விழுக்காடாகக் குறைக்கப்பட்டது. ஐந்து ஆண்டுகளுக்குள் இத்தனை மாற்றம் என்றால், 35 ஆண்டுகளில் எத்தனை மாற்றங்கள் வரக்கூடும்!

நம் எடுத்துக்காட்டில் வட்டி 4 விழுக்காட்டுக்குப் பதிலாக 5 விழுக்காடாக இருந்தால், மாதத் தவணை ரிம 1,514 ஆகிவிடும். மொத்த வட்டி ஏறத்தாழ ரிம 78,000 கூடும். ‘ஒரு விழுக்காடுதானே’ என்று அலட்சியமாக இருந்துவிட முடியாது. இன்றைய தவணையைக் கட்ட முடியுமா என்று பார்ப்பதோடு நில்லாமல், தவணை இருநூறு ரிங்கிட் உயர்ந்தாலும் குடும்பம் சமாளிக்குமா என்றும் பார்க்க வேண்டும்.

கணக்கில் வராத செலவுகள்

கடனும் வட்டியும் மட்டுமே வீட்டின் செலவு அல்ல. வீட்டின் உரிமையை மாற்றும்போது முத்திரை வரி உண்டு. விலையின் முதல் ரிம 100,000-க்கு 1 விழுக்காடு, அடுத்த ரிம 400,000-க்கு 2 விழுக்காடு என்ற கணக்கில், ரிம 350,000 வீட்டுக்கு அது ரிம 6,000 ஆகும். கடன் பத்திரத்துக்கும் 0.5 விழுக்காடு முத்திரை வரி உண்டு. முதல் வீடு வாங்குபவர்களுக்கு அரசாங்கம் அவ்வப்போது இவ்வரிகளில் விலக்களிப்பதும் உண்டு. இவற்றோடு வழக்கறிஞர் கட்டணம், கடன் காப்புறுதி ஆகியவையும் சேரும்.

குடிபுகுந்த பிறகு நிலவரி, ஊராட்சி மன்றத்துக்குச் செலுத்தும் மதிப்பீட்டு வரி, தீக்காப்புறுதி ஆகியவை ஆண்டுதோறும் வரும். அடுக்குமாடி வீடாக இருந்தால் பராமரிப்புக் கட்டணம் மாதந்தோறும் வரும். கூரை ஒழுகினாலும் குழாய் உடைந்தாலும் இனி வீட்டு உரிமையாளரை அழைக்க முடியாது, நாமே உரிமையாளர்!

தவணை தொடர்ந்து தவறினால் விளைவு கடுமையானது. கடன் தீரும்வரை வீடு வங்கியிடம் அடமானமாக இருக்கிறது. வங்கி அதனை ஏலத்தில் விடலாம். ஏலத்தில் கிடைத்த தொகை கடனை ஈடுகட்டாவிட்டால், வீட்டை இழந்த பிறகும் எஞ்சிய கடனைக் கட்ட வேண்டியிருக்கும். ஆகவே, தவணை கட்டுவதில் சிக்கல் எழுந்த உடனேயே வங்கியை நாடிப் பேச வேண்டும். ஏ.கே.பி.கே. எனப்படும் கடன் ஆலோசனை நிறுவனமும் இத்தகையோருக்கு இலவசமாக வழிகாட்டுகிறது.

சுமையைக் குறைக்கும் வழி

‘சிறு துளி பெரு வெள்ளம்’ என்பது சேமிப்புக்கு மட்டுமன்று, கடனுக்கும் பொருந்தும். நம் எடுத்துக்காட்டில் உள்ளவர் முதல் மாதத்திலிருந்தே தவணையோடு கூடுதலாக ரிம 200 கட்டி வந்தால், கடன் ஏறக்குறைய 26 ஆண்டு 8 மாதங்களில் தீர்ந்துவிடும். எட்டு ஆண்டுகளுக்கு மேல் மிச்சம். வட்டியிலும் சுமார் ரிம 70,000 மிச்சம். அதே ரிம 200-ஐப் பத்து ஆண்டுகள் கழித்துக் கட்டத் தொடங்கினால், மிச்சமாகும் வட்டி ஏறத்தாழ ரிம 33,000தான். தொடக்கத்தில் குறைக்கப்படும் ஒவ்வொரு ரிங்கிட்டும், எஞ்சிய எல்லா ஆண்டுகளுக்கும் வட்டியைத் தடுக்கிறது என்பதே இதற்குக் காரணம்.

ஆனால், கூடுதலாகக் கட்டும் பணம் முதலைத்தான் குறைக்கிறதா என்பதை வங்கியிடம் கேட்டு உறுதிப்படுத்திக்கொள்ள வேண்டும். சில கடன்களில் அப்பணம், அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக மட்டுமே வைக்கப்படும், முதல் குறையாது. மேலும், முதல் சில ஆண்டுகளுக்குள் கடனை முழுமையாக அடைத்தால் அபராதம் விதிக்கும் ஒப்பந்தங்களும் உள்ளன.

ஊழியர் சேமநிதியின் ஒரு பகுதியை எடுத்து வீட்டுக் கடனைக் குறைக்கவும் வழி உண்டு. இங்கும் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். 2024-ஆம் ஆண்டுக்குச் சேமநிதி வாரியம் வழங்கிய இலாப ஈவு 6.30 விழுக்காடு. அவ்வளவு ஈட்டும் பணத்தை எடுத்து 4 விழுக்காட்டுக் கடனை அடைத்தால், மனநிம்மதி கிடைக்கலாம்; ஆனால், ஓய்வுக்காலச் சேமிப்பு மெலியும்.

தெரிந்து எடுக்கும் முடிவு

அப்படியென்றால் வீட்டுக் கடனே வாங்கக் கூடாதா? அப்படி இல்லை. கடன் இல்லாமல் வீடு வாங்கப் பணம் சேர்ப்பதற்குள் பலருக்குத் தலை நரைத்துவிடும். அதுவரை வாடகை கட்ட வேண்டும். வீட்டு விலையும் உயரக்கூடும். வருமானம் குறைவாக உள்ள இளம் குடும்பத்துக்கு நீண்ட காலக் கடனே வாசலைத் திறக்கலாம். ஆண்டுகள் செல்லச் செல்லச் சம்பளம் உயர்ந்தால், அதே தவணையின் கனமும் குறையும். நீண்ட காலத்தைத் தேர்ந்தெடுத்து, வசதி வரும்போது கூடுதலாகக் கட்டுவதும் நல்ல வழியே.

‘ஆழம் தெரியாமல் காலை விடாதே’ என்பார்கள். ஆழத்தை அளக்க இன்று கைப்பேசிக் கணிப்பானே போதும். மாதத் தவணையை மாதங்களின் எண்ணிக்கையால் பெருக்குங்கள், வாங்கிய கடனைக் கழியுங்கள், மிஞ்சுவது வட்டி. இன்று வீட்டில் உங்கள் பெற்றோர் வீட்டுக் கடன் கட்டிக்கொண்டிருந்தால், அவர்களோடு அமர்ந்து இக்கணக்கைப் போட்டுப் பாருங்கள். வீட்டின் ஒவ்வொரு சுவருக்குப் பின்னாலும் அவர்களுடைய எத்தனை ஆண்டு உழைப்பு இருக்கிறது என்பதும் அப்போது உங்களுக்குப் புரியும்.